வழக்குக்கு வைத்த ஒப்பாரி

ஜெயலெட்சுமி அக்கா ஒப்பாரி வைத்தால், கல்லுமலைத் தோட்டத்தில் செத்தவனுக்குக் கடன் கொடுத்தவன்கூட அழுவான். நமுனுகுலயிலிருந்து வேன் பிடித்து வந்து அவரைக் கூட்டிக்கொண்டு போவார்கள். அந்த ஒப்பாரிதான் அவரைக் கெடுத்தது. நல்ல தொண்டை உள்ளவர்கள் நீதிமன்றப் பக்கம் போகக்கூடாது என்று எனக்கு இப்போது தோன்றுகிறது.

என் பெயர் வைரவநாதன். ஒரு நீதிமன்றத்துக்கு நேர் எதிரே போட்டோ கொப்பிக் கடை வைத்திருக்கிறேன். எந்த நீதிமன்றம் என்று கேட்காதீர்கள். ஊவா மாகாணத்தில் ஓர் ஊர், பதுளையிலிருந்து பஸ்ஸில் போகிற தூரம், அவ்வளவுதான். ஊரைச் சொன்னால் அவமதிப்பு என்பார்கள், எனக்கும் வழக்குக்கு வரச்சொல்லி ஒரு தவணை கொடுப்பார்கள், அப்புறம் கடையை யார் பார்ப்பது? ஒரு வழக்கு எவ்வளவு காலம் இழுக்கிறதோ, எனக்கு அவ்வளவு காகிதம் ஓடும். ஆகவே நீதியின் மேல் எனக்குத் தனிப்பட்ட கோபம் எதுவும் கிடையாது. இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டுத் தொடங்குகிறேன்.

அக்கா முப்பது வருஷத்துக்கு மேல் தேயிலைக் கொழுந்தெடுத்தவர். வேலையை விட்டபோது தோட்டம் சேவைக்காலப் பணம் கொடுத்தது. அந்தப் பணத்துக்கு அவர் ஏற்கெனவே ஒரு வேலை ஒதுக்கி வைத்திருந்தார். கூரை. அவர் இருந்தது லயம் என்கிற தோட்டத்து வரிசை வீடு. அதற்குப் பின்னால் மலை வெடித்து நின்றது. அதிகாரிகள் வந்து பார்த்தார்கள், படம் எடுத்தார்கள், "மண்சரிவு அபாயம், உடனே வெளியேறவும்" என்று மூன்று மொழியிலும் பலகை நட்டார்கள். வெளியேறி எங்கே போவது? அதற்கும் பக்கத்து மேட்டில் ஏழு பேர்ச் நிலமும் நாலு சுவரும் கொடுத்தார்கள். சுவர் எழும்பியதோடு திட்டத்தில் காசு தீர்ந்துவிட்டது. கூரையைப் பயனாளியே போட்டுக்கொள்ள வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அக்காவும் மகள் துஷாந்தினியும் வெடித்த மலைக்கு அடியிலேயே படுத்துக்கொண்டு, பணம் வரட்டும் என்று காத்திருந்தார்கள்.

பணம் வந்தது. அதே வாரத்தில் தினேஸும் வந்தான்.

தினேஸ் அந்த லயத்திலேயே பிறந்தவன். அக்காவோடு ஒரே மலையில் கொழுந்தெடுத்த முனியாயியின் மகன். இப்போது எல்ல என்கிற சுற்றுலா ஊரில் வெள்ளைக்காரர்களுக்கு அறை வாடகைக்கு விடுகிறான். அறைகளின் ஜன்னலைத் திறந்தால் தேயிலை மலை தெரியும், அதற்குத் தனி வாடகை. பெற்ற தாய் மட்டும் லயத்திலேயே இருந்தாள், அந்த மலையை அவள் சும்மா பார்த்துக்கொண்டிருந்தாள்.

"சின்னம்மா, ரெண்டே மாசம். சீசன் தொடங்குனதும் கையில கொண்டாந்து வச்சிர்றேன். நம்பிக்கை இல்லேன்னா இந்தாங்க, செக்கு" என்றான்.

அக்கா பணத்தைக் கொடுத்து, செக்கை வாங்கிச் சாமி படத்துக்குக் கீழே வைத்துக் குங்குமம் வைத்தார். ஐப்பசி மழைக்கு முன்னால் கூரை போட்டுவிடலாம் என்று கணக்கு. செக் குங்குமப் பொட்டோடு வங்கிக்குப் போனது, பொட்டு அழியாமல் திரும்பி வந்தது. கணக்கில் பணம் இல்லையாம்.

"அவன்கிட்ட காசு இருக்குங்க. இப்பத்தான் புது வேன் எடுத்தான்" என்று அக்கா வங்கியில் சொன்னார்.

"காசு இருக்கலாம்மா. இந்தக் கணக்குல இல்ல" என்றார் வங்கிக்காரர்.

அப்படித்தான் வழக்கு பிறந்தது. பணமில்லாக் கணக்குக்குச் செக் கொடுப்பது நம் நாட்டில் குற்றம். அக்கா முறைப்பாட்டாளர், தினேஸ் எதிரி. அக்கா என் கடையில் முதல் கொப்பி எடுக்க வந்தபோது சந்தோஷமாகத்தான் இருந்தார். "கவர்மெண்டே கேக்குறப்ப குடுத்துத்தானே ஆகணும் மொதலாளி" என்றார்.

முதல் தவணைக்கு நீதவான் லீவு. அடுத்ததற்குத் தினேஸுக்கு வயிற்றுப்போக்கு. டாக்டர் துண்டு வந்தது, நீதிமன்றம் அவன் வயிற்றுக்காக மனமிரங்கித் தள்ளிவைத்தது. பிறகொரு தடவை முதலியார் வரவில்லை. முதலியார் என்றால் இங்கே சாதியில்லை, சிங்களத்தில் நடக்கிற வழக்கைத் தமிழில் எடுத்துச் சொல்கிற உத்தியோகத்தர். நீதவான் ஒரு பக்கம் பேசினால் இவர் ஒரு வார்த்தையில் சொல்லி முடிப்பார். அந்த ஒரு வார்த்தை பெரும்பாலும் "போங்க" என்றுதான் இருக்கும். அவர் வராத அன்று அதைச் சொல்லவும் ஆளில்லாமல் அக்கா சாயங்காலம் வரை மரவாங்கிலேயே உட்கார்ந்திருந்தார்.

ஒவ்வொரு தவணைக்கும் அக்கா விடிய முன்னே எழும்பி, நல்ல சேலை உடுத்து, இரண்டு பஸ் மாறி வருவார். வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உள்ளே போவார். கழற்ற வேண்டாம் என்று நான் பலமுறை சொன்னேன். "இருக்கட்டும் மொதலாளி, பெரிய எடம்" என்பார். ஒரு தடவை திரும்பி வந்து பார்த்தால் செருப்பைக் காணோம். நீதிமன்ற வாசலில் நடந்த அந்தத் திருட்டுக்கு மட்டும் இன்றுவரை வழக்கு இல்லை.

நாலாவது தவணையில்தான் விதி கண்ணைச் சிமிட்டியது. ஊரின் மூத்த சட்டத்தரணி ஒருவர் அதிகாலையில் காலமாகிவிட்டார். நீதிமன்றம் எழுந்து நின்றது. நீதவான் நெஞ்சில் கைவைத்துப் பேசினார்.

"மரணத்தின் முன்னால் சட்டமும் தலைகுனிகிறது. ஒரு மனிதர் போய்விட்ட நாளில் வழக்குப் பேசுவது மனிதத்தன்மை அல்ல. இன்று இங்கே எந்த வழக்கும் எடுக்கப்படமாட்டாது."

முதலியார் தமிழில் சொன்னார்: "போங்க."

அக்கா என் கடைக்கு வந்து விளக்கம் கேட்டார்.

"ஏன் மொதலாளி, செத்தவரு நம்ம வழக்குல இருக்காருங்களா?"

"இல்லக்கா."

"பின்ன ஏன் நிப்பாட்டுறாங்க?"

"மரியாதைக்கா. சாவுக்கு மரியாதை."

அக்காவின் முகம் மலர்ந்துபோனது. இரண்டு பஸ் வீணாய்ப் போன கவலையே இல்லை. "நல்ல எடந்தான் போங்க. நம்ம லயத்து மாதிரியேதான். சாவுன்னா நிக்கத் தெரியுது" என்றார். கல்லுமலையில் சாவு என்றால் யாரும் வேலைக்குப் போகமாட்டார்கள், சண்டைக்காரன்கூட வந்து குழி வெட்டுவான். நீதிமன்றத்துக்கும் அந்த வழக்கம் உண்டு என்று அவர் அன்றைக்கு நம்பிவிட்டார். நானும் "ஆமாக்கா" என்று சொல்லி வைத்தேன். வேறென்ன சொல்வது?

அடுத்த தவணை விளக்கம், அதாவது விசாரணை. சாட்சி சொல்ல வேண்டிய நாள். அக்காவின் சட்டத்தரணி, "இது முக்கியமான தவணை, கட்டாயம் வந்துருங்க" என்று இரண்டு தரம் சொல்லி அனுப்பினார்.

அன்றைக்கு விடியற்காலை அக்கா சேலை உடுத்தி, செக்கின் கொப்பியை மடியில் கட்டிக்கொண்டு, பஸ்ஸுக்கு ரோட்டில் இறங்கும்போது லயத்துப் பக்கம் சாவுக்கு அடிக்கிற தப்புச் சத்தம் கேட்டிருக்கிறது. முனியாயி போய்விட்டாள். தூக்கத்திலேயே.

"அம்மா, பஸ் வருது. நீங்க ஏறுங்க. நா போய்ப் பாத்துக்கிறேன்" என்றாளாம் துஷாந்தினி.

"அடி ஆத்தி, என்னடி பேசுற? முனியாயி கெடக்கா, நா எந்த மூஞ்சிய வச்சிக்கிட்டு பஸ் ஏறுறது?"

"இன்னைக்கு வழக்கும்மா!"

"யார் மேல வழக்கு? அவ மகன் மேலதானே. அவன் பெத்தவளப் போட்டுட்டுக் கோட்டுக்கா போவான்? யாரோ ஒரு லோயரு செத்ததுக்கே அன்னைக்கு மூடுனாங்களே. இது எதிரியோட தாய்டி."

இதில் எங்கே பிழை இருக்கிறது, சொல்லுங்கள். நான் பலநாள் யோசித்துப் பார்த்துவிட்டேன்.

லயத்துக்குப் போய் ஒரு மணி நேரத்தில் தினேஸ் ஓடிவந்து அவர் காலில் விழுந்தான். எல்லயிலிருந்து வேனில் வந்திருந்தான். "சின்னம்மா, நீங்கதான் எங்கம்மாவுக்கு அழணும். ஒங்க தொண்டை இல்லாம எங்கம்மா போகக்கூடாது" என்றான். அக்கா அவனைத் தூக்கி நிறுத்திக் கண்ணைத் துடைத்துவிட்டு, மெதுவாக வழக்கை ஞாபகப்படுத்தினார்.

"அம்மாவ வச்சிக்கிட்டு யாரு சின்னம்மா கோட்டுக்குப் போவாங்க?" என்று கேட்டான் தினேஸ்.

நன்றாகக் கவனியுங்கள். போகமாட்டேன் என்று அவன் சொல்லவில்லை. கேள்விதான் கேட்டான். பொய் சொன்னான் என்று அவன் மேல் யாரும் வழக்குப் போட முடியாது.

அக்கா முனியாயியின் தலைமாட்டில் உட்கார்ந்து கூந்தலை அவிழ்த்தார். தினேஸ், "பெட்டி வாங்கிட்டு வந்துர்றேன்" என்று டவுனுக்கு வேனை எடுத்தான்.

ஒன்பதரைக்கு அந்த வேன் என் கடை வாசலில் வந்து நின்றது. பின்னால் பளபளவென்று ஒரு சவப்பெட்டி. தினேஸ் இறங்கி வந்து அடையாள அட்டையைக் கொப்பி எடுக்கக் கொடுத்தான்.

"என்ன தம்பி, பெட்டி?"

"அம்மா போயிட்டாங்கண்ணே, காலையில."

"ஐயோ! ஜெயலெட்சுமி அக்காவுக்குத் தெரியுமா?"

"சின்னம்மாதாண்ணே தலமாட்டுல ஒக்காந்து அழுவுறாங்க. பாவம், சொந்தக்காரங்ககூட அப்படி அழமாட்டாங்க" என்று சொல்லிவிட்டு, சில்லறையைச் சரியாக எண்ணிக் கொடுத்துவிட்டு, சட்டைக் காலரை இழுத்துவிட்டுக்கொண்டு நீதிமன்றத்துக்குள் போனான்.

உடனே துஷாந்தினிக்குப் போன் அடித்தேன். அந்த லயத்தில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில் நின்றால்தான் சிக்னல், செத்த வீட்டில் யார் அங்கே போய் நிற்பது? கடையைத் திறந்தபடியே போட்டுவிட்டு உள்ளே ஓடினேன்.

ஆராச்சி, அதாவது பெயர் கூப்பிடுகிறவர், வாசலுக்கு வந்து, "ஜெயலெட்சுமி! ஜெயலெட்சுமி! ஜெயலெட்சுமி!" என்று மூன்று தடவை கத்தினார். மழைக்கு ஒதுங்கி நின்ற ஒரு நாய் எழுந்து போனது. வேறு யாரும் அசையவில்லை. அக்காவின் சட்டத்தரணி பதுளையில் வேறொரு வழக்கில் இருந்தார். அவருக்குப் பதில் வந்த இளம் சட்டத்தரணி எழுந்து நின்று, தனக்கு அறிவுறுத்தல் எதுவும் தரப்படவில்லை என்று தலையைக் குனிந்துகொண்டார்.

நான் கையைத் தூக்கினேன்.

"அந்தம்மா செத்த வீட்டுல இருக்காங்க ஐயா! இந்தத் தம்பியோட அம்மா செத்த வீட்டுலதான்!"

நீதவான் முதலியாரைப் பார்த்தார். முதலியார் என்னைப் பார்த்தார்.

"நீங்க முறைப்பாட்டாளரா?"

"இல்ல."

"எதிரியா? சாட்சியா?"

"எதிர்க் கடை."

"நான் மூணு பேருக்குத்தான் மொழிபெயர்க்கலாம். கடைக்காரருக்கு மொழிபெயர்க்கச் சட்டமில்ல. ஒக்காருங்க."

எனக்குச் சிங்களம் நன்றாக வரும். ஆனால் ஆராச்சி அதற்குள் என் தோளை அழுத்தி உட்காரவைத்துவிட்டார். தினேஸின் சட்டத்தரணி எழுந்தார். தன் கட்சிக்காரரின் தாயார் இன்று காலைதான் இறந்தார் என்றும், வெளியே வேனில் பெட்டி இருக்கிறது என்றும், அப்படியிருந்தும் நீதிமன்றத்தின் மேலுள்ள பக்தியால் அவர் வந்திருக்கிறார் என்றும் நா தழுதழுக்கச் சொன்னார். நீதவான் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். அவர் நல்ல மனிதர், எளிதில் உருகிவிடுவார்.

"இந்த எதிரியைப் பாருங்கள்" என்றார். "பெற்ற தாயின் உடல் வீட்டில் கிடக்க, சட்டத்தின் அழைப்புக்குத் தலைவணங்கி வந்திருக்கிறார். வராதிருக்க இவருக்கு எல்லா நியாயமும் இருந்தது. கேட்டிருந்தால் தவணை கொடுத்திருப்பேன். மறுபக்கம் முறைப்பாட்டாளரைப் பாருங்கள். பார்க்க முடியாது, ஏனென்றால் அவர் இல்லை. ஒரு மனிதனைக் குற்றவாளி என்று சொல்லிவிட்டு, வீட்டில் நிம்மதியாக உட்கார்ந்திருப்பவர்களால்தான் நீதித்துறை தாமதமாகிறது. நீதிமன்றத்தின் நேரம் பொன்னானது."

முதல் தவணைக்கு லீவு போட்டது யாரென்று அவருக்கு ஞாபகம் இல்லை. எதிரி விடுதலை. நீதிமன்றத்தின் ஆழ்ந்த அனுதாபங்களையும் தெரிவித்தார். "போங்க" என்றார் முதலியார்.

தினேஸ் போனான். பெட்டி வேனிலேயே பத்திரமாக இருந்தது.

லயத்துக்குப் பெட்டி வந்து இறங்கியபோது அக்காவின் குரல் உச்சத்தில் இருந்ததாகத் துஷாந்தினி பிறகு சொன்னாள். சொல்லும்போது பல்லைக் கடித்துக்கொண்டு அழுதாள். அக்கா தினேஸையும் சேர்த்துப் பாடினாராம்:

"மல மேல கூட நின்ன மயிலே முனியாயி – ஒன்
மகன் பெட்டி கொண்டு வந்தான், மனங்குளுந்து படுத்துக்கோடி!"

அதைக் கேட்டு தினேஸ் தேம்பித் தேம்பி அழுதான். அந்த அழுகை நிஜம் என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். இருக்கலாம்.

இரண்டு நாள் கழித்து அக்கா புதுத் தவணை எப்போது என்று கேட்க நீதிமன்றத்துக்கு வந்தார். தொண்டை கட்டிப்போய்க் காற்றுத்தான் வந்தது. பதிவாளர் பழைய வழக்குக் கட்டைப் புரட்டிப் பார்த்தார். முதலியார் பக்கத்தில் நின்று மொழிபெயர்த்தார்.

"நீங்க ஏன் வரல்ல?"

"அம்மா செத்துட்டாங்கங்க."

"ஒங்க அம்மாவா?"

"இல்லீங்க, எதிரியோட அம்மா."

"எதிரியோட அம்மா செத்தா எதிரி வராம இருக்கலாம். அதுக்கு ஏற்பாடு இருக்கு. ஆனா அவர் வந்தாரே. நீங்க என்ன செஞ்சீங்க?"

"அவங்கம்மாவுக்கு அழுதுகிட்டிருந்தேங்க."

"ஒறவா?"

"இல்லீங்க. ஒரே மலையில கொழுந்தெடுத்தோம்."

பதிவாளர் சட்டப் புத்தகத்தை எடுத்துப் புரட்டினார். முப்பது வருட சேவையில் இப்படி ஒரு காரணம் அவர் முன்னால் வந்ததில்லை. கடைசியில், எதிரியின் தாய்க்கு முறைப்பாட்டாளர் அழுவதற்குச் சட்டத்தில் இடமில்லை, ஆனால் எழுத்தில் அத்தாட்சி இருந்தால் கொண்டுவரலாம் என்றார்.

அக்கா அத்தாட்சி தேடிப் புறப்பட்டார். கிராம சேவகர், "சாவு நடந்துச்சுன்னு கடிதம் தரலாம். நீங்க அழுதீங்கன்னு தரமுடியாது. அழுகை நம்ம கந்தோருக்குள்ள வராது" என்று அலுவலக மேசையிலிருந்தே கையை விரித்தார். ஆஸ்பத்திரியில் டாக்டர் தொண்டைக்குள் டோர்ச் அடித்துப் பார்த்து, வீங்கியிருக்கிறது, ஒரு கிழமைக்கு, ஏழு நாளைக்கு, சத்தம் போட்டுப் பேசக்கூடாது என்று துண்டு கொடுத்தார். அக்கா அதை என்னிடம் கொப்பி எடுத்து, மூலத்தையும் கொப்பியையும் பதிவாளரிடம் நீட்டினார். அவர் திகதியைப் பார்த்தார். துண்டில் இருந்தது டாக்டர் பார்த்த நாள். வழக்கு நாள் அல்ல.

சட்டத்தரணியிடம் போனார். "ஒருத்தர ஒரே குத்தத்துக்கு ரெண்டு தரம் விசாரிக்கக்கூடாதும்மா. அது அவரோட உரிமை" என்றார்.

"என்னோட உரிமை எதுங்க?"

"மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம்."

"அதுக்குக் காசு?"

"அது வேணும்."

"கூரைக்கு வச்ச காசே அவன்கிட்டதானேங்க இருக்கு. நான் எத வச்சு மேல போறது?"

சட்டத்தரணி கடிகாரத்தைப் பார்த்தார். வானம் அப்போதே கறுக்கத் தொடங்கியிருந்தது, ஐப்பசி பிறந்துவிட்டது. கடைசித் தடவையாக அக்கா பதிவாளரிடம் போய், கையெடுத்துக் கும்பிட்டு, ஏதாவது செய்யுங்கள் என்று கேட்டார். பதிவாளர் நொந்துபோயிருந்தார். முதலியார் வழியாகச் சொல்லாமல் தனக்குத் தெரிந்த தமிழிலேயே சொல்லிவிட்டார்.

"அம்மா, வழக்கு செத்துப்போச்சு. இனி எழுப்ப ஏலாது."

"செத்துப்போச்சுங்களா?"

"ஆமா. செத்துப்போச்சு."

அக்கா வெளியே வந்தார். வாசலில் செருப்பைப் போடவில்லை. கீழ்ப்படியில் உட்கார்ந்து கொண்டையை அவிழ்த்தார். நான் கடையிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தேன், எனக்குப் புரிவதற்குள் தொடங்கிவிட்டது. டாக்டர் சொன்ன ஒரு கிழமை முடிந்திருந்தது, தொண்டை பழையபடி திறந்திருந்தது.

"தவண தவணையா ஒன்னத் தாலாட்டி வளத்தேனே – என்
தங்கமான வழக்கே, என்னத் தவிக்கவிட்டுப் போனாயே!
கறுப்புக் கோட்டு ஐயாமாரு காவலுக்கு நின்னாங்களே – ஒன்
கழுத்த யாரு நெரிச்சாங்க, கண்டவங்க யாருமில்ல!
மூணு தரம் பேர் சொல்லி மூச்சடங்கும் நேரத்துல – நான்
முனியாயி பக்கம் நின்னு மோசம் போய்விட்டேனே!"

பஸ் நின்றது. மரக்கறிக் கடைக்காரர்கள் தராசை விட்டுவிட்டு வந்தார்கள். சாட்சி சொல்ல வந்த பெண்கள் நாலைந்து பேர் என்ன ஏதென்று கேட்காமலே பக்கத்தில் உட்கார்ந்து மார்பில் அடித்துக்கொண்டார்கள். அவர்களுக்கும் உள்ளே ஏதோ ஒரு வழக்குச் செத்துக் கிடந்திருக்கும். இரண்டு இளம் சட்டத்தரணிகள் கண்ணைத் துடைத்துக்கொண்டதை நானே பார்த்தேன். மேலே ஜன்னல் ஒன்று திறந்து உடனே மூடியது. பொலிஸ் சார்ஜன்ட் ரத்னபால வந்து அக்காவை எழுப்பிக் கூட்டிப்போனார்.

குற்றம்: நீதிமன்ற வாசலில் பொது அமைதியைக் கெடுத்தது. இப்போது முறைப்பாட்டாளர் சார்ஜன்ட், எதிரி அக்கா. வழக்கு மறுநாளே எடுக்கப்பட்டது. அடேயப்பா, என்ன வேகம்! பிணை கொடுத்தார்கள். நிபந்தனை ஒன்றுதான். அடையாள அட்டையில் உள்ள விலாசத்திலேயே இருக்க வேண்டும், நீதிமன்றத்தைக் கேட்காமல் இடம் மாறக்கூடாது. அந்த விலாசம் எதுவென்றால், உடனே வெளியேறவும் என்று பலகை நட்ட அதே லயம்.

மழை மூன்று நாள் விடாமல் பெய்தது. தோட்டத்தார் வந்து எல்லோரையும் பள்ளிக்கூடத்துக்குப் போகச் சொன்னார்கள். அக்கா அசையவில்லை. "கோடு இங்கதான் இருக்கச் சொல்லியிருக்கு. ஒரு தடவை அது சொன்னதக் கேக்காமப் போனதுக்கே கூரை போச்சு" என்று வாசற்படியைப் பிடித்துக்கொண்டார். துஷாந்தினியும் இன்னும் இரண்டு பெண்களும் அவரைத் தூக்கிக்கொண்டுதான் போனார்கள். அன்றே மலை இறங்கியது. அக்காவின் காம்பரா என்கிற ஒற்றை அறையும் பக்கத்தில் முனியாயி செத்துக் கிடந்த காம்பராவும் மண்ணுக்குள் போயின. உயிர்ச்சேதம் இல்லை. பலகை மட்டும் அசையாமல் நின்றது.

தினேஸ் எல்லயிலிருந்து இருபது சோற்றுப் பார்சல் கொண்டுவந்து பள்ளிக்கூடத்தில் கொடுத்துப் படம் எடுத்துக்கொண்டான். ஒரு பார்சலை அக்காவின் கையில் தானே வைத்தான். அக்கா அதைப் பக்கத்துக் குழந்தையிடம் கொடுத்துவிட்டார்.

அந்த வாரமே அவருக்குத் தவணை. ரோட்டில் மண் விழுந்து பஸ் ஓடவில்லை. அக்கா முழங்கால்வரை சேற்றோடு, நடந்தே வந்து சேர்ந்தார். "இந்தத் தடவ விடமாட்டேன் மொதலாளி. வராட்டி என்னாகும்னு எனக்குத் தெரியும்" என்றார். நானும் கடையை மூடிவிட்டுப் பின்னால் போய் உட்கார்ந்தேன்.

வழக்கு வந்தது. அக்கா கூண்டில் ஏறினார். நீதவான் முதலில் விலாசம் கேட்டார்.

"மண்ணுக்குள்ள இருக்குங்க."

முதலியார் இதை எப்படி மொழிபெயர்த்தாரோ தெரியாது. விலாசம் மாறினால் முன்கூட்டியே அறிவிக்க வேண்டும் என்று நீதவான் எச்சரித்தார். பிறகு முறைப்பாட்டாளர் எங்கே என்று கேட்டார். சார்ஜன்ட் ரத்னபால வரவில்லை. அமைச்சர் ஒருவர் மண்சரிவைப் பார்வையிட வருகிறார், அந்தப் பாதுகாப்பு வேலைக்குப் போயிருக்கிறாராம்.

அக்காவின் முகம் பளிச்சென்றது.

"முறைப்பாடு பண்ணுனவரு வரலீங்க" என்றார். "நான் வந்துட்டேங்க. அப்ப என்னைய விட்டுருவீங்களா?"

நீதவான் புன்னகையோடு, ஒரு குழந்தைக்குச் சொல்வதுபோல விளக்கினார்.

"தனியாள் ஒருவர் வராவிட்டால், அவருக்கு வழக்கில் அக்கறையில்லை என்று நீதிமன்றம் முடிவுசெய்யும். அரசு அப்படியல்ல. அரசு வராவிட்டால், அதற்கு வேறு முக்கியமான வேலை இருக்கிறது என்று பொருள். அரசு எப்போதும் இங்கே இருப்பதாகவே கொள்ளப்படும். உங்கள் கண்ணுக்குத் தெரியாமல் இருக்கலாம்."

"தவண" என்றார் முதலியார்.

அக்கா கூண்டிலிருந்து இறங்கவில்லை.

"அன்னைக்கு எம் பேர மூணு தரம் கூப்பிட்டீங்களாமே. அவரு பேர ஒருக்காக்கூடக் கூப்பிடலீங்களே?"

ஆராச்சி தலையைச் சொறிந்தார். "அவங்க பேரக் கூப்பிடுறதில்லம்மா" என்று தாழ்ந்த குரலில் சொன்னார்.

"நீங்க கூப்பிடாட்டி நான் கூப்பிடுறேன்" என்றார் அக்கா.

கம்பியைப் பிடித்துக்கொண்டு, வாசலைப் பார்த்து, நமுனுகுல மலைக்கு அந்தப் பக்கம் கேட்கிற அந்தத் தொண்டையால், "ரத்னபாலா…! ரத்னபாலா…! ரத்னபாலா…!" என்று மூன்று தடவை கூப்பிட்டார். இழுத்து இழுத்து, ஒப்பாரி ராகத்தில். கூரையிலிருந்த புறாக்களெல்லாம் எழும்பிப் போயின. கட்டுகளைச் சுமந்துகொண்டிருந்த ஒருவர் கையிலிருந்து அவை விழுந்தன. பிறகு மழைச் சத்தம் மட்டும்.

"வரலீங்க" என்றார் அக்கா.

நீதவானின் முகம் சிவந்துபோயிருந்தது. அதற்கு முதலியாரே தேவைப்படவில்லை, எல்லோருக்கும் விளங்கியது.

மத்தியானம் அக்கா என் கடைக்கு வந்து இரண்டு காகிதம் நீட்டினார். ஒன்று வாசலில் ஒப்பாரி வைத்த வழக்கின் புதுத் தவணை. மற்றது நீதிமன்றத்தை அவமதித்தார் என்று புது வழக்கு.

"இப்ப எங்கக்கா இருக்கீங்க?"

"பள்ளிக்கூடத்துலதான். திங்கக்கெழமை புள்ளைகளுக்குப் படிப்பு தொடங்குதாம், காலி பண்ணச் சொல்லிட்டாங்க."

"பெறகு?"

"அதான் நாலு சுவரு குடுத்திருக்காங்களே" என்று வெளியே கொட்டுகிற மழையைப் பார்த்தார். கொப்பிக்குக் காசு வேண்டாம் என்றேன். கேட்காமல் மேசையில் வைத்தார்.

புதுக் காகிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டுக் கேட்டார்:

"இந்த வழக்குக்கு யாரு மொதலாளி முறைப்பாட்டாளரு?"

"கோடுதான்க்கா."

"கோடே முறைப்பாட்டாளரா? கோடு ஒரு தவணைக்காச்சும் வராம இருக்காதா? லீவு கீவு போடாதா?"

"போடும்க்கா. மொதத் தவணைக்குப் போட்டாங்களே, ஞாபகமில்லையா?"

"ஆமா. அன்னைக்கு என்ன செஞ்சாங்க?"

"ஒங்களுக்குத் தவணை குடுத்தாங்க."

அக்கா தலையை ஆட்டிக்கொண்டார். காகிதங்களை மடித்து மடியில் கட்டிக்கொண்டு, மழைக்குள் இறங்கி நடந்தார். ரோடு இன்னும் திறக்கவில்லை.